தெரியாததுபோல் இருப்பதற்கு ஏன் இவ்வளவு களைப்பு?

பொங்கலூர் வாசகி, 2 ஜூன் 2024, காலை 11.20

அடக்கமான பெண் என்று பெயர் எடுத்தவர்களுக்கு அந்தப் பெயரைக் காப்பாற்றுவது ஒரு வேலையா? என் நங்கையா (அண்ணி முறை) எல்லோரிடமும் குழைந்து குழைந்து பேசுவார். அறைக்குள் போய்க் கதவைச் சாத்தியதும் ஆளே மாறிவிடுவார். கேட்டால் களைப்பு என்கிறார். பிடிக்காவிட்டால் நிறுத்திவிட வேண்டியதுதானே? குழைவதற்கு என்ன செலவாகிறது?

தறிவீட்டுக்காரி, 2 ஜூன் 2024, இரவு 10.15

செலவு ஆகிறது. என் பற்றுக் கணக்கில் இருபத்திரண்டு ஆண்டுச் செலவு இருப்பதால் நான் எழுதலாம் என்று நினைக்கிறேன்.

சோமனூருக்கும் பல்லடத்துக்கும் இடையில் உள்ள ஓர் ஊரில், பதினாறு விசைத்தறி ஓடும் வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவள் நான். நாங்கள் கூலிக்கு நெய்கிறவர்கள். பாவும் ஊடை நூலும் ஜவுளிக்காரர் கொடுப்பார், நாங்கள் காடாத் துணியாக நெய்து கொடுத்துக் கூலி வாங்கிக்கொள்வோம். கூலியை மீட்டருக்கு இத்தனை ரூபாய் இத்தனை பைசா என்று பேசுவார்கள். அந்தப் பைசாவில் ஐந்து குறைந்தால் மாதக் கடைசியில் எவ்வளவு குறையும் என்பதை மனக்கணக்காகச் சொல்லக்கூடியவள் அந்த வீட்டில் நான் ஒருத்திதான். ஆனால் பேச்சு நடக்கும் திண்ணையில் நான் இருப்பதில்லை. நிலைப்படிக்கு உள்பக்கம், முந்தானையைத் தோளோடு இழுத்துப் போர்த்திக்கொண்டு, "எனக்கென்னங்க தெரியும், அவரைக் கேளுங்க" என்று சொல்லும் ஒரு பெண்பிள்ளை நிற்பாள். அவளை உண்டாக்கியவள் நான். அவள் குரல் என் குரலைவிட ஒரு கட்டை மேலே இருக்கும்.

குழைவது எளிது, வாய் பழகிவிடும். யாரிடம் எதைத் தெரியாது என்று சொல்லியிருக்கிறேன் என்பதை நினைவில் வைத்துக்கொள்வதுதான் பெரிய பாடு. ஜவுளிக்காரரிடம் எனக்கு நூல் நம்பர், அதாவது நூலின் பருமனைச் சொல்லும் எண், தெரியாது. ஆகவே அவர் எதிரில் கோன் பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் அச்சிட்டிருக்கும் 40 என்ற எண்ணை நான் படித்துவிடக் கூடாது. வீட்டுக்காரரின் அண்ணனான மச்சாண்டாரிடம் எனக்கு வங்கிக் கணக்குத் தெரியாது. தறி பார்க்க வரும் ஃபிட்டர் அண்ணனிடம் எனக்குத் தறியே தெரியாது. இந்த மூவரும் ஒரே நேரத்தில் திண்ணையில் உட்கார்ந்துவிட்டால் எனக்கு என்னதான் தெரியலாம் என்பதை முடிவு செய்வதற்குள் மண்டை காய்ந்துவிடும். அப்போதெல்லாம் அடுப்படிக்குப் போய்விடுவேன். அடுப்படியில் எது தெரிந்தாலும் குற்றமில்லை.

தறிவீட்டுக்காரி, 3 ஜூன் 2024, காலை 6.05

திருத்தம். கல்யாணம் 2001 வைகாசியில் நடந்தது. ஆகவே இருபத்து மூன்று ஆண்டு. கணக்கில் கெட்டிக்காரி என்று பெருமை பேசிவிட்டு முதல் வரியிலேயே தப்பு விட்டிருக்கிறேன். நிலைப்படிக்காரி பார்த்திருந்தால் சந்தோஷப்பட்டிருப்பாள்.

தறிவீட்டுக்காரி, 9 ஜூன் 2024, மாலை 4.30

இன்று ஞாயிறு, தறிகள் நிற்கின்றன, ஆகவே நீளமாக எழுதுகிறேன்.

உங்கள் வீட்டுக்காரருக்கு இது தெரியுமா என்று கேட்டிருந்தீர்கள். தெரியும். அவரும் இந்த நாடகத்தில் சம்பளமில்லாத நடிகர். கல்யாணமாகி மூன்றாம் ஆண்டில் எங்களுக்குள் ஓர் ஏற்பாடு உண்டாயிற்று: கூலிப் பேச்சு நடக்கும்போது நான் உள்ளிருந்து காப்பி கொண்டுவந்து வைத்தால் அந்த விலைக்கு ஒப்புக்கொள்ளலாம், மோர் கொண்டுவந்தால் ஒப்புக்கொள்ளக் கூடாது. பல ஆண்டுகள் இது பிசகாமல் நடந்தது. ஒரே ஒரு முறை பால் திரிந்துவிட்டது. நல்ல ரகம், நல்ல கூலி, கைநழுவ விடக் கூடாத வேலை. நான் பக்கத்து வீட்டுக்குப் பாலுக்கு ஆள் அனுப்பிவிட்டு நிற்கிறேன். அதற்குள் என் மாமியார், வந்தவர்களை வெறும் வாயோடு உட்கார வைத்திருக்கிறார்களே என்று தானே மோரைக் கலக்கிக் கொண்டுபோய் வைத்துவிட்டார். என் வீட்டுக்காரர் ஒரு மடக்குக் குடித்துவிட்டு, "கட்டுபடியாகாதுங்க" என்று எழுந்துவிட்டார். அந்த வேலை எதிர்த்தெருக்காரருக்குப் போயிற்று.

இதை நான் எல்லோரிடமும் சிரிப்பாகத்தான் சொல்வது வழக்கம். இப்போது எழுதும்போதுதான் ஒன்று உறைக்கிறது. அன்று நான் திண்ணைக்குப் போய், "இல்லீங்க, இது நல்ல விலை, எடுத்துக்கலாம்" என்று சொல்லியிருக்கலாம். எட்டு அடி தூரம். வாயைத் திறந்தேன், குரல் வரவில்லை. அந்தக் கணத்தில் எந்தக் குரலில் பேசுவது என்று எனக்குத் தெரியவில்லை.

தறிவீட்டுக்காரி, 16 ஜூன் 2024, பிற்பகல் 3.00

குரலைப் பற்றி எழுதினேன் அல்லவா? அதைத் தொட்டு ஒரு சம்பவம்.

தறிக் குடோனுக்குள் எனக்கு இன்னொரு குரல் உண்டு. பதினாறு தறி ஒன்றாக ஓடும்போது காதருகில் போய்க் கத்தினால்தான் கேட்கும். பாதிப் பேச்சை உதட்டைப் பார்த்தே தெரிந்துகொள்வோம். அந்த இரைச்சலுக்குள் நான் யாராகவும் இருக்கலாம். ஊடை நூலைக் குச்சியில் தார் சுற்றும் பெண்கள், தறி ஓட்டுகிறவர்கள் ஆகியோரிடம் அடித்தொண்டையில் பேசுவேன், திட்டுவேன், சில சமயம் பாடுவேன். வெளியே இருப்பவர்களுக்கு எதுவும் கேட்காது. சத்தத்தையே கதவாகச் சாத்திக்கொண்டிருந்தேன் என்று சொல்லலாம்.

2012-ஆம் ஆண்டு எல்லோருக்கும் நினைவிருக்கும். சென்னைக்கு வெளியே ஒரு நாளைக்குப் பத்து மணி நேரத்துக்கும் மேல் மின்வெட்டு இருந்த காலம் அது. மின்சாரம் எப்போது போகும், எப்போது வரும் என்று சொல்ல முடியாது. ஒரு நாள் ஜவுளிக்காரரின் மேனேஜரும் மச்சாண்டாரும் குடோன் வாசலில் நின்று துணியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் உள்ளே நாலாம் தறிக்காரரிடம் கத்திக்கொண்டிருந்தேன். (நாடா என்பது ஊடை நூலோடு தறியில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓடும் ஓடம், பிக்கர் அதை அடித்துத் தள்ளும் துண்டு.) "வலது பக்கம் பிக்கர்ல குழி விழுந்து கிடக்குது, நாடா எதுத்து எதுத்து வருது, மூணு நாளா கண்ணு தெரியலியா உங்களுக்கு?" என்ற வாக்கியத்தின் நடுவில் மின்சாரம் போயிற்று. பதினாறு தறியும் ஒரே மூச்சில் நின்றன. "கண்ணு தெரியலியா உங்களுக்கு" என்பது மட்டும் அந்த நிசப்தத்தில் தனியாக நின்றது.

அனைவரும் திரும்பிப் பார்த்தார்கள். மேனேஜரின் கையில் துணியின் நுனி அப்படியே இருந்தது. நான் சிரித்தேன். வாயைப் பொத்திக்கொண்டு, தோளைக் குறுக்கிக்கொண்டு, ஒரு கட்டை மேலே போய், "அப்படீன்னு அவரு சொல்லச் சொன்னாருங்க" என்றேன். மூலையிலிருந்து என் வீட்டுக்காரர், "ஆமா ஆமா, நாந்தான் சொல்லச் சொன்னேன்" என்றார். எல்லோருக்கும் மூச்சு வந்தது. மச்சாண்டார்கூடச் சிரித்துவிட்டார்.

அன்று இரவு கையைக் கழுவும்போது பார்த்தேன். உள்ளங்கையில் தார்க்குச்சி அழுந்திய தடம் நீலமாகக் கன்றியிருந்தது. சிரித்த நேரம் முழுவதும் அதை இறுக்கிப் பிடித்திருந்திருக்கிறேன்.

தறிவீட்டுக்காரி, 18 ஜூன் 2024, இரவு 9.50

"உங்கள் பெயரில் ஏதாவது இருக்கிறதா, அல்லது உழைப்பு மட்டும்தானா" என்று கேட்டவருக்கு: எல்லாமே என் பெயரில்தான் இருக்கிறது. பெண் தொழில்முனைவோர் என்றால் கடன் கிடைப்பது சுலபம் என்பதற்காகப் பதிவு, வங்கிக் கணக்கு, பின்னர் 2017-இல் வந்த ஜி.எஸ்.டி. எண் அனைத்தையும் என் பெயரில் எடுத்தார்கள். கடன் வாங்கப் போன வங்கியில் அதிகாரி என்னைப் பார்க்காமல் என் வீட்டுக்காரரிடமே எல்லாக் கேள்விகளையும் கேட்டுவிட்டுக் கடைசியில் என் பக்கம் பேனாவை நீட்டினார். பெயருக்குத்தான் இந்த அம்மாள் முதலாளி என்பது அவருடைய முடிவு. உண்மையிலேயே நான்தான் முதலாளி. ஆகவே முதலாளி அல்லாதவள் போல நடிக்கும் முதலாளி, பொம்மை முதலாளியாகக் கையெழுத்துப் போட்டாள். இதில் எத்தனை மடிப்பு இருக்கிறது என்று நீங்களே எண்ணிக்கொள்ளுங்கள். எனக்கு அன்று தலைவலி.

தறிவீட்டுக்காரி, 30 ஜூன் 2024, பிற்பகல் 2.10

செலவு என்ன என்ற முதல் கேள்விக்கு நான் இன்னும் ஒழுங்காகப் பதில் சொல்லவில்லை. இரண்டு சொல்கிறேன்.

ஒன்று உடம்பு. நாற்பது வயதில் எனக்குத் தொண்டை கட்டிக்கொண்டது, மாதக்கணக்கில் சரியாகவில்லை. கோவையில் காது மூக்குத் தொண்டை மருத்துவர் கருவியை விட்டுப் பார்த்துவிட்டுக் கட்டியோ புண்ணோ இல்லை என்றார். பிறகு, "நீங்கள் வீட்டில் எப்படிப் பேசுவீர்கள், வேலையில் எப்படிப் பேசுவீர்கள், இரண்டையும் பேசிக் காட்டுங்கள்" என்றார். பேசிக் காட்டினேன். இயல்பான சுருதிக்கு மேலே நின்று, மூச்சை அடக்கி மெல்லப் பேசுவது தொண்டைத் தசைகளை இறுக்கிவிடுகிறது என்றும், கத்துவதோடு அதுவும் சேர்ந்துகொண்டது என்றும் சொன்னார். கத்துவதால் குரல் கெடும் என்பது எனக்குத் தெரியும். மெல்லப் பேசினாலும் கெடும் என்று அன்றுதான் கேள்விப்பட்டேன். கொஞ்ச நாள் உங்கள் சொந்தக் குரலில் பேசுங்கள் என்று அவர் சொன்னபோது, "எதுங்க டாக்டர்?" என்று கேட்டுவிட்டேன். அவர் நகைச்சுவை என்று எடுத்துக்கொண்டார்.

இரண்டாவது, பாராட்டு. 2022 ஜனவரியில் கோவை, திருப்பூர் மாவட்டங்களில் கூலி உயர்வு கேட்டுத் தறிகளை நிறுத்தினோம் அல்லவா? வாரக்கணக்கில் தறி ஓடவில்லை. ஒரு மீட்டர் நெய்வதற்கு மின்கட்டணம் எவ்வளவு, தார் சுற்றும் கூலி எவ்வளவு, பிக்கர், நாடா போன்ற உதிரிகள் எவ்வளவு என்று நான் இரண்டு இரவு உட்கார்ந்து ஒரு தாளில் எழுதினேன். கூட்டத்துக்குக் கொண்டுபோகும் முன் என் வீட்டுக்காரர் அதைத் தன் கையெழுத்தில் படியெடுத்தார். அவர் ஏழு போட்டால் ஒன்று போலத் தெரியும் என்பதால் பக்கத்தில் உட்கார்ந்து ஏழுக்கெல்லாம் நடுவில் கோடு போடச் சொன்னேன். இரண்டு நாள் கழித்துச் சங்கத்துக்காரர்கள் வீட்டுக்கு வந்து, "கணக்குல புலி நீங்க" என்று அவர் முதுகில் தட்டினார்கள். நான் அப்போது ரசத்துக்குத் தாளித்துக்கொண்டிருந்தேன். பொறாமை இல்லை, அவர் முகம் சங்கடப்பட்டதையும் பார்த்தேன். ஆனால் அன்று மாலை வந்த களைப்பு, பதினாறு தறியையும் நானே ஓட்டியது போல இருந்தது. பொய்யாக ஏற்ற வேடத்தைத் திட்டினால் வலிப்பதில்லை. நம் வேலைக்கு வந்த பாராட்டு வேறு திசையில் போகும்போது, "அடடா, அப்படிங்களா, எனக்குத் தெரியாதே" என்று முகத்தை வைத்துக்கொண்டிருக்க வேண்டுமே, அதுதான் ஆளைத் தின்கிறது.

தறிவீட்டுக்காரி, 1 ஜூலை 2024, காலை 5.50

நேற்று எழுதியதில் சிறிது மிகை இருக்கிறது. திட்டினாலும் வலிக்கும்.

ஒன்று விட்டுப்போயிற்று. தெரிந்ததைச் சொல்லியே ஆக வேண்டிய நேரங்களில் நான் எப்போதும் இன்னொருவர் பெயரில்தான் சொல்வேன். விசைத்தறிக்கு இரண்டு மாதத்துக்கு இலவச மின்சாரம் 2006-இல் 500 யூனிட்டாக வந்தது, 2016-இல் 750 ஆயிற்று, 2023-இல் 1000 ஆயிற்று. ஒவ்வொரு தடவையும் எங்கள் மீட்டருக்கு என்ன மிச்சமாகும் என்று முதலில் கணக்குப் போட்டவள் நான். ஒவ்வொரு தடவையும், "பேப்பர்ல போட்டிருக்குதாமுங்க", "பக்கத்து வீட்டு அக்கா சொன்னாங்க" என்றே தெரிவித்தேன். பக்கத்து வீட்டு அக்காவுக்கு ஊரில் மின்வாரிய நிபுணர் என்று பெயர் வந்துவிட்டது. அவரிடம் நேராகவே சந்தேகம் கேட்கப் போகிறார்கள்.

தறிவீட்டுக்காரி, 14 ஜூலை 2024, மாலை 5.00

ஒரு வாசகர் ஒரு நூற்பகுதியையும் ஒரு கட்டுரையையும் அனுப்பியிருந்தார். கோவையில் மென்பொருள் நிறுவனத்தில் வேலை பார்க்கும் என் மகள் உட்கார்ந்து படித்துப் பொருள் சொன்னாள்.

முதலாவது ஆர்லி ஹாக்‌ஷீல்ட் என்ற அமெரிக்கச் சமூகவியலாளர் 1983-இல் வெளியிட்ட நூலிலிருந்து. விமானப் பணிப்பெண்களின் சிரிப்பை ஆராய்ந்து, முகத்தில் மட்டும் உணர்ச்சியைக் காட்டுவது ஒரு வகை, காட்ட வேண்டிய உணர்ச்சியை உள்ளேயே உண்டாக்கிக்கொள்வது மற்றொரு வகை என்று பிரிக்கிறார். நான் தொடக்கத்தில் முதல் வகை. பிறகு இரண்டாம் வகைக்குப் போய்விட்டேன். மச்சாண்டார் வாசலில் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டாலே எனக்கு உண்மையாகவே கொஞ்சம் ஒன்றும் புரியாமல் போகும்.

இரண்டாவதான கட்டுரை என்னைத் தூங்கவிடவில்லை. ஜோன் ரிவியர் என்ற ஆங்கிலேய உளப்பகுப்பாய்வாளர் 1929-இல் எழுதியது. பெண்மையை முகமூடியாக அணிவதைப் பற்றியது. அதில் ஒரு பெண் வருகிறாள். வீட்டு வேலையில் மட்டுமல்லாமல், ஆண்களின் வேலை என்று சொல்லப்படுவதிலும் கெட்டிக்காரி. கட்டட வேலைக்காரரோ, நாற்காலி மெத்தைக்கு உறை போடுகிறவரோ வீட்டுக்கு வந்தால் மட்டும் தனக்குத் தெரிந்ததை எல்லாம் மறைத்துக்கொண்டு, அவரிடம் பணிவாக நின்று, தன் யோசனைகளை ஏதோ குருட்டாம்போக்கில் தோன்றியவை போல வெள்ளந்தியாகச் சொல்வாளாம். மகள் இதை வாசித்ததும் என்னைப் பார்த்தாள். நான் அவளைப் பார்த்தேன். எங்கள் ஃபிட்டர் அண்ணனிடம் நான் பேசுவது இதுதான்: "ஏனுங்கண்ணா, அந்தப் பக்கம் சத்தம் ஒரு மாதிரி டொக்குன்னு கேக்குதுங்களே, எனக்குத்தான் அப்படித் தோணுதோ என்னமோ." அவர் போய்ப் பார்த்துவிட்டு, "அட, நல்ல காதுங்கக்கா உங்களுக்கு" என்பார். லண்டனில் மெத்தை தைக்கிறவரும் ஏறக்குறைய இதையே சொல்லியிருப்பார்.

அந்த முகமூடி பயத்தால் வருவது என்கிறார் ரிவியர். ஆணின் திறமையைக் களவாடி வைத்திருப்பவள், பிடிபட்டால் தண்டனை வருமே என்று அஞ்சித் தான் வெறுங்கையோடு நிற்பதாகக் காட்டிக்கொள்கிறாளாம். களவு என்பதை நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். கணக்கு எனக்கு அம்மாவைப் பெற்ற எங்கள் அப்புச்சியிடமிருந்து வந்தது. யாருடைய பெட்டியையும் உடைத்து எடுக்கவில்லை. ஆனால் அதே கட்டுரையில் இன்னொன்று இருக்கிறது. உண்மையான பெண்மைக்கும் முகமூடிக்கும் எங்கே கோடு கிழிக்கிறீர்கள் என்று கேட்டால், அப்படி ஒரு வேறுபாடு இருப்பதாகத் தான் சொல்லவில்லை, இரண்டும் ஒன்றுதான் என்கிறார். இதைப் படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. முகமூடிக்குப் பின்னால் நான் ஒருத்தி பத்திரமாக இருக்கிறேன் என்று நம்பித்தானே இத்தனை நாள் ஓட்டினேன்?

தறிவீட்டுக்காரி, 16 ஜூலை 2024, இரவு 10.40

கோபம் கொஞ்சம் தணிந்திருக்கிறது. தொல்காப்பியத்தில் "அச்சமும் நாணும் மடனும் முந்துறுதல் நிச்சமும் பெண்பாற்கு உரிய என்ப" என்று ஒரு நூற்பா உண்டு. பள்ளியில் எங்கள் தமிழம்மா, மடம் என்றால் அறிந்தும் அறியாதது போல் இருத்தல் என்று விளக்கம் சொன்னார். நான் அதைப் பரீட்சையில் எழுதி முழு மதிப்பெண் வாங்கினேன். பிறகு வாழ்க்கை முழுவதும் அதையே எழுதிக்கொண்டிருக்கிறேன்.

தறிவீட்டுக்காரி, 21 ஜூலை 2024, காலை 10.00

தமிழ் படித்த நண்பர் ஒருவர் திருத்தியிருக்கிறார்; அவருக்கு நன்றி. பழைய உரைகளில் மடம் என்பதற்குக் "கொளுத்தக் கொண்டு கொண்டது விடாமை" என்றுதான் பொருள் சொல்லியிருக்கிறார்களாம். அதாவது, சொல்லிக் கொடுத்ததைப் பற்றிக்கொள்வது, பற்றியதை விடாமல் இருப்பது. பாருங்கள், எனக்கு இதுதான் இன்னும் பொருத்தம். சொல்லிக் கொடுத்தார்கள், பற்றிக்கொண்டேன், விட முடியவில்லை.

எங்கள் பக்கத்தில் சிறு பெண்களை அடக்குவதற்கு, "பொட்டாட்டம் இரு அம்முணி" என்பார்கள். சத்தமில்லாமல் இரு என்று பொருள். எங்கள் பேச்சில் ஆட்டம் என்றால் போல என்றும் பொருள் உண்டாகையால், நெற்றிப் பொட்டைப் போல ஒட்டிய இடத்தில் இருக்கச் சொல்கிறார்கள் என்று சிறு வயதில் நானாகப் பொருள் பண்ணிக்கொண்டேன். இலக்கணக்காரர் யாரும் இதைத் திருத்த வேண்டாம்.

அண்ணன்மார் கதையை உடுக்கையோடு பாடுவதை இரவு முழுக்க விழித்திருந்து கேட்ட ஊர் எங்களுடையது. அதில் அண்ணன்மாரின் அப்பா குன்னுடையான் சூதுவாது அறியாத மனிதர். அம்மா தாமரைதான் துணிந்தவள், புத்தியுள்ளவள். அவள் அதை மறைத்ததாக நான் கேட்ட எந்தப் பாட்டிலும் இல்லை. பாடுகிறவரின் காலடியில் உட்கார்ந்து தாமரைக்காகக் கண்ணீர் விட்ட அதே பெரியவர்கள்தான் விடிந்ததும் எங்களைப் பொட்டாட்டம் இருக்கச் சொன்னார்கள்.

தறிவீட்டுக்காரி, 3 ஆகஸ்ட் 2024, இரவு 11.15

இன்று ஆடிப்பெருக்கு. மகள் வந்திருந்தாள். சனிக்கிழமை ஆனாலும் அவளுக்கு அலுவலகக் கூட்டம் ஒன்று தொலைபேசியில் இருந்தது. நான் கலவைச் சாதத்துக்கு எலுமிச்சை பிழிந்துகொண்டிருந்தேன். அவள் அறைக்கதவு பாதி திறந்திருந்தது. ஆங்கிலத்தில்தான் பேசினாள். எனக்குப் பாதிதான் புரியும். ஆனால் அவள் குரல் ஒரு கட்டை மேலே போயிருந்தது. அது எனக்குப் புரியாமல் இருக்குமா? பேசி முடித்து வந்தவளிடம் என்ன விஷயம் என்று கேட்டேன். மேலே இருப்பவர் செய்த வேலையில் ஒரு பிழையைக் கண்டுபிடித்ததாகவும், "நான் தப்பாகவும் பார்த்திருக்கலாம் சார்" என்று சொல்லித்தான் அதைக் காட்டியதாகவும் சொன்னாள்.

"தப்பாப் பாத்தியா கண்ணு?"

"இல்லம்மா, நூத்துக்கு நூறு சரி. அப்படிச் சொன்னாத்தான் அவர் காது குடுப்பாரு."

நான் அவளுக்கு இதைக் கற்றுக்கொடுக்கவில்லை. மூன்று வயதில் என் முந்தானையைப் பிடித்துக்கொண்டு நிலைப்படிக்கு உள்பக்கம் நின்றவள் அவள்.

தறிவீட்டுக்காரி, 11 ஆகஸ்ட் 2024, பிற்பகல் 3.40

பொங்கலூர் வாசகி, உங்களுக்கு என் மேல் இரக்கம் வந்திருப்பது எழுத்தில் தெரிகிறது. அதை அப்படியே ஏற்றுக்கொண்டால் கணக்கு நேராகாது, மறுபக்கத்தையும் எழுதிவிடுகிறேன்.

மச்சாண்டார் மகனுக்குப் பெண் பார்க்க மூன்று ஆண்டுக்கு முன் இரண்டு வீட்டுக்குப் போனோம். முதல் வீட்டில் அந்தப் பெண் எங்களோடு உட்கார்ந்து, எத்தனை தறி, சொந்தப் பாவா கூலிப் பாவா, கடன் எவ்வளவு என்று கேட்டாள். நல்ல கேள்விகள், நான் கேட்டிருக்க வேண்டியவை. இரண்டாம் வீட்டுப் பெண் காப்பித் தட்டோடு வந்து, தலையைக் குனிந்துகொண்டே போய்விட்டாள். திரும்பும் வழியில் காருக்குள் எல்லோரும் என் கருத்தைக் கேட்டார்கள், ஏனென்றால் இந்த விஷயத்தில் மட்டும் எனக்குத் தெரியலாம். "மொதல்ல பாத்த புள்ளை கொஞ்சம் வாய்த்துடுக்குங்க. ரெண்டாவது புள்ளை அடக்கம்" என்றேன். யாரும் என்னை அப்படிச் சொல்லும்படி வற்புறுத்தவில்லை. இரண்டாவது பெண்ணே மருமகளாக வந்தாள். போன மாதம் அவள் தறிக் குடோனுக்குள் நின்று அடித்தொண்டையில் யாரையோ திட்டுவதை உதட்டைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன். என்னைப் பார்த்ததும் வாயைப் பொத்திக்கொண்டு தோளைக் குறுக்கிச் சிரித்தாள்.

தறிவீட்டுக்காரி, 18 ஆகஸ்ட் 2024, மாலை 6.20

"நிறுத்திவிட வேண்டியதுதானே" என்று இங்கே மறுபடியும் ஒருவர் கேட்டிருக்கிறார். சரி என்று நிறுத்திப் பார்த்தேன்.

திங்கட்கிழமை பதினொன்றாம் தறி மக்கர் செய்தது. ஃபிட்டர் அண்ணன் வந்தார். நான் நேராக நின்று, என் சொந்தக் கட்டையில், "அண்ணா, இடது பக்கம் பிக்கரை இழுக்கிற தோல் வார் தளர்ந்து போச்சு. அதை இறுக்கிட்டு, அப்படியே பிக்கரையும் மாத்திடுங்க" என்றேன். அவர் என் முகத்தை ஒரு தரம் பார்த்தார். பத்து நிமிடத்தில் வேலையை முடித்தார். டீ வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனார். எனக்குக் கால் தரையில் பாவவில்லை. அன்று மத்தியானம் இரண்டு மணி நேரம் தூங்கினேன். பகலில் நான் தூங்குவதே கிடையாது.

தறிவீட்டுக்காரி, 25 ஆகஸ்ட் 2024, மாலை 4.45

மீதிக் கதை. வியாழக்கிழமை ஏழாம் தறி நின்றது. பல்சக்கரத்தில் கோளாறு, அதை நாங்கள் தொட முடியாது. ஃபிட்டர் அண்ணனைக் கூப்பிட்டேன், நாளைக்கு வருகிறேன் என்றார். வெள்ளி வரவில்லை. சனி வரவில்லை. என் வீட்டுக்காரர் கூப்பிட்டபோது, "அக்காவுக்கேதான் எல்லாம் தெரியுதுங்களே" என்றாராம்.

இன்று காலை நான் கூப்பிட்டேன். எந்தக் குரலில் என்று சொல்ல வேண்டியதில்லை. "ஏனுங்கண்ணா, நீங்க வந்து பாத்தாத்தானுங்க எங்களுக்கு நிம்மதி." ஞாயிற்றுக்கிழமை என்றும் பாராமல் நாற்பது நிமிடத்தில் வந்துவிட்டார். தறியைச் சரிசெய்துகொண்டே, பிக்கர் என்றால் என்ன, அது எப்படி நாடாவை அடிக்கிறது, ஏன் குழி விழுகிறது என்று எனக்கு விளக்கமாகச் சொல்லிக்கொடுத்தார். நான் நான்கு முறை "அப்படிங்களா" என்றேன். இரண்டு டம்ளர் டீ குடித்தார். அவருக்கும் ஒரு நிலைப்படி இருக்கிறது என்பது இன்றுதான் எனக்குப் பட்டது: எல்லாம் தெரிந்தவர் என்ற நிலைப்படி. அந்த வீட்டில் அவர் நிற்பதற்கு வேறு இடம் கிடையாது. இது அவருக்காக நான் வாதாடுவதா அல்லது எனக்காகவா என்று நாளைக்கு யோசிக்கிறேன். மூன்று நாள் ஒரு தறி நின்றதன் நஷ்டத்தை மாதக் கணக்கில் எந்தத் தலைப்பில் எழுதுவது என்றும் தெரியவில்லை.

தறிவீட்டுக்காரி, 1 செப்டம்பர் 2024, காலை 7.30

மங்கலத்திலிருந்து எழுதிய தங்கைக்கு: பிக்கர் போனதை எப்படிக் கண்டுபிடிப்பது என்ற உங்கள் கேள்வி இந்த இழையின் தலைப்புக்கு வெளியே இருந்தாலும் பதில் சொல்கிறேன். சத்தத்தை வைத்துப் பிக்கர் போனதைக் கண்டுபிடிக்கலாம். நல்ல தறியில் இரண்டு பக்கத்து அடியும் ஒரே கனத்தில் கேட்கும். ஒரு பக்கம் மந்தமாகக் கேட்டாலோ, அடி விழுந்த பிறகு சின்னதாக இன்னொரு தட்டுக் கேட்டாலோ, நாடா பெட்டிக்குள் போய் அமராமல் எதிர்த்து வருகிறது என்று பொருள். மோட்டாரை நிறுத்திவிட்டு, அதன் பிறகே கையை வையுங்கள். நாடாவின் முனை வந்து படும் இடத்தில் பிக்கரில் லேசாகக் குழி இருப்பது இயல்பு. குழி ஆழமாகவோ நடுவைவிட்டு விலகியோ இருந்தால் மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் நாடா கோணலாகப் போய் ஒரு நாள் பறந்து யார் மேலாவது விழும். பிக்கர் நன்றாக இருந்தால் தோல் வார் தளர்ந்திருக்கிறதா என்று பாருங்கள், அடுத்து நாடாப் பெட்டியின் பிடிப்பைப் பாருங்கள். மூன்றும் சரியாக இருந்தும் சத்தம் மாறவில்லை என்றால், தறி ஓடும்போது ஒரு நிமிடம் பதிவு செய்து அனுப்புங்கள். கேட்டுவிட்டுச் சொல்கிறேன்.